பையில் வளரும் பிள்ளைகள்
பைப்பாலூட்டிகளும் ஏனைய பாலூட்டிகளும் வேறுபடும் வகை

  

‘கங்காரு’ என்னும் பெயரைக் கேட்டவுடன் நம் மனக்கண்முன் தோன்றுவது அதன் வயிற்றுப் பையும், அப்பையினின்று தலைநீட்டும் குட்டியுமே ஆகும். பை உடையவை பைப்பாலூட்டிகள். பை இல்லாதவை ஏனைய பாலூட்டிகள் என்று மாணவர் பலரும் தேர்வில் விடை எழுதுவர். அவ்விடை முற்றும் தவறன்று. ஆயினும் முழுமையானதும் அன்று. பை என்பது வெளியே தெரியும் ஓர் அடையாளம். மெய்யான வேறுபாடோ, குட்டி அப்பைக்கு வந்து சேருமுன் தாயின் கருப்பைக்குள் நிகழ்வதைப் பொறுத்தது. அதனை இக்கட்டுரையில் படிப்படியாகக் காண்போம். குறைமாதத்தில் பிறக்கும் மனிதக் குழந்தைகளின் உயிரைக் காப்பதற்கு இவ்வறிவு எங்ஙனம் துணை நிற்கின்றது என்பதனையும் இறுதியில் அறிவோம்.

பாலூட்டிகள் மூவகை

பிறந்த குட்டிக்குத் தன் உடலில் சுரக்கும் பாலைக் கொடுத்து வளர்க்கும் விலங்குகளைப் பாலூட்டிகள் என்கிறோம். உலகில் ஏறத்தாழ 6,500 வகைப் பாலூட்டிகள் உள்ளன. பிறக்கும் முறையைக் கொண்டு அறிஞர்கள் அவற்றை மூன்று பிரிவாகப் பகுத்துள்ளனர்.

முதற்பிரிவு முட்டையிடும் பாலூட்டிகள். ஆஸ்திரேலியாவிலும் நியூகினித் தீவிலும் வாழும் பிளாட்டிபஸ், எக்கிட்னா ஆகியவை இப்பிரிவைச் சேர்ந்தவை. இவை முட்டையிட்டுக் குஞ்சு பொரித்து, அக்குஞ்சுக்குப் பாலும் ஊட்டும்.

இரண்டாம் பிரிவு பைப்பாலூட்டிகள். கங்காரு, வாலபி, கோவாலா, வொம்பாட், ஒபோசம் முதலிய 330க்கு மேற்பட்ட வகைகள் இப்பிரிவில் அடங்கும். இவற்றுட் பெரும்பாலானவை ஆஸ்திரேலியாவிலும் நியூகினியிலும் வாழ்கின்றன. எஞ்சியவை அமெரிக்கக் கண்டங்களில் வாழ்கின்றன.

மூன்றாம் பிரிவு நச்சுக்கொடிப் பாலூட்டிகள். ஆடு, மாடு, நாய், பூனை, யானை, புலி, வௌவால், திமிங்கிலம் ஆகியவையும், மனிதராகிய நாமும் இப்பிரிவினரே. உலகிலுள்ள பாலூட்டிகளுள் பத்தில் ஒன்பதுக்கு மேற்பட்ட பங்கு இப்பிரிவினுள் அடங்கும்.

நச்சுக்கொடி செய்யும் பணி

மாடு கன்று ஈன்ற பின்னர், சிறிது நேரம் கழித்து ஒரு சவ்வுத் திரள் வெளியே விழுவதை மாடு வளர்ப்போர் அறிவர். அதனை இளங்கொடி என்பர். தமிழகத்துச் சிற்றூர்களில் அதனை வைக்கோலில் சுற்றி ஆலமரக் கிளையில் கட்டித் தொங்கவிடும் வழக்கமும் உண்டு. அந்த இளங்கொடியே நாம் கூறும் நச்சுக்கொடி. ‘நச்சு’ என்னும் சொல்லைக் கண்டு அதனைத் தீயது என்று எண்ணிவிடலாகாது. கருவின் உயிருக்கு அதுவே ஆதாரம்.

நச்சுக்கொடி தாயின் கருப்பைச் சுவரில் ஒட்டி வளர்கின்றது. கருவை அதனோடு இணைப்பது தொப்புட்கொடி. தாய் உண்ட உணவின் சத்தும், தாய் இழுத்த மூச்சின் உயிர்வளியும் இதன் வழியே கருவைச் சென்றடைகின்றன. கருவின் கழிவுகள் இதன் வழியே தாயின் குருதிக்குத் திரும்புகின்றன. தாயின் குருதியும் சேயின் குருதியும் ஒன்றாய்க் கலப்பதில்லை. மெல்லிய சுவரின் இருபுறமும் நின்று கொடுத்து வாங்குகின்றன. வரவு, செலவு, காவல் ஆகிய மூன்றையும் ஒருங்கே செய்யும் உறுப்பு இது.

இத்தகைய ஏற்பாடு இருத்தலால், நச்சுக்கொடிப் பாலூட்டிகளின் குட்டி தாயின் வயிற்றிலேயே நெடுங்காலம் தங்கி வளர முடிகின்றது. ஆட்டுக்குட்டி ஏறத்தாழ 150 நாள் தங்குகின்றது. கன்று ஏறத்தாழ 280 நாள் தங்குகின்றது. யானைக் கன்று ஏறக்குறைய 22 மாதம் தங்கி, 100 கிலோகிராம் அளவு எடையுடன் பிறக்கின்றது. பிறந்த கன்று ஓரிரு மணி நேரத்தில் எழுந்து நின்று மடி தேடுவதை நாம் கண்டிருக்கிறோம். வளர்ச்சியின் பெரும்பகுதி பிறப்பதற்கு முன்னரே நிறைவேறிவிட்டமையே அதற்குக் காரணம்.

முப்பத்து மூன்றே நாளில் பிறக்கும் குட்டி

இனிப் பைப்பாலூட்டிகளைப் பார்ப்போம். இவற்றுக்கு நச்சுக்கொடி அறவே இல்லை என்று சில நூல்கள் கூறும். அது சரியன்று. இவற்றுக்கும் ஒருவகைக் கொடி உண்டு. ஆனால் அது எளிய அமைப்புடையது, சில நாள்களே பணியாற்றுவது. ஆகவே குட்டி கருப்பைக்குள் நெடுங்காலம் தங்குவதில்லை.

பைப்பாலூட்டிகளுள் மிகப் பெரியது செங்கங்காரு. நிமிர்ந்து நின்றால் ஆளுயரம் இருக்கும். அத்தகைய பெரிய விலங்கின் குட்டி 33 நாளில் பிறந்துவிடுகின்றது. பிறக்கும்போது அதன் எடை ஒரு கிராமுக்கும் குறைவு. அளவு ஒரு மொச்சைக் கொட்டையை ஒத்தது. கண் திறந்திராது, உடலில் மயிர் இராது, பின்னங்கால்கள் சிறு மொட்டுப்போல் இருக்கும். ஆனால் முன்னங்கால்கள் மட்டும் நகங்களுடன் வலுவாக அமைந்திருக்கும். அக்கால்களால் தாயின் மயிரைப் பற்றிப் பற்றி, நீந்துவதுபோல் அசைந்து, சில நிமிடங்களில் தானே பைக்குள் ஏறிச் சென்றுவிடும். தாய் அதனைத் தூக்கி வைப்பதில்லை.

பைக்குள் சென்றதும் குட்டி ஒரு முலைக்காம்பை வாயில் கவ்வும். அக்காம்பு குட்டியின் வாய்க்குள் சற்றே பருத்து, குட்டி நழுவாதவாறு பிடித்துக்கொள்ளும். வைணவப் பெரியோர், இறைவனை உயிர் அடையும் வழியை விளக்கக் குரங்குக்குட்டியையும் பூனைக்குட்டியையும் உவமை காட்டுவர். குரங்குக்குட்டி தானே தாயைப் பற்றிக்கொள்ளும்; பூனைக்குட்டியையோ தாய் கவ்விச் செல்லும். கங்காருக் குட்டியிடம் இவ்விரண்டையும் காணலாம். ஏறும் வரை அது குரங்குக்குட்டி. ஏறிய பின்னர் அது பூனைக்குட்டி.

குட்டி ஏறத்தாழ ஆறு மாதத்தில் பையிலிருந்து இறங்கி வெளியுலகைப் பார்க்கும். அச்சம் தோன்றினால் மீண்டும் பாய்ந்து உள்ளே புகும். எட்டு மாத அளவில் பையை விட்டு நிலையாக வெளியேறும். அதன் பின்னரும், ஓராண்டு நிறையும் வரையில், தலையை மட்டும் பைக்குள் நுழைத்துப் பால் அருந்தும்.

தேயிலைத் தோட்டத்தில் வாழும் நமக்கு இதனை விளக்க நாற்றுமேடையே போதும். ஓர் இலையும் சிறு தண்டும் உடைய துண்டைத் தாய்ச் செடியினின்று வெட்டி, மண் நிரப்பிய சிறு பையில் நடுகிறோம். அப்போது அதற்கு வேரில்லை, கிளையில்லை. நிழலும் நீரும் தந்து பேணினால் அது பையிலேயே வேரூன்றித் தளிர்க்கின்றது. தேறிய பின்னரே மலைச்சரிவில் நடப்படுகின்றது. கங்காருவின் பையும் அத்தகைய நாற்றுப்பையே எனலாம்.

கொடியின் பணியைப் பால் செய்கின்றது

இப்பொழுது வேறுபாட்டின் உயிர்நிலைக்கு வந்துவிட்டோம். மாட்டுக் கன்றுக்கு நச்சுக்கொடி வழியாகக் கிடைக்கும் வளர்ச்சியின் பெரும்பகுதி, கங்காருக் குட்டிக்குப் பாலின் வழியாகக் கிடைக்கின்றது. அவ்வளவே. ஒன்று உள்ளே வளர்ந்து வெளியே வருகின்றது. மற்றொன்று வெளியே வந்து வளர்கின்றது.

ஆகவே பைப்பாலூட்டியின் பால் மிகவும் வியத்தகு தன்மை உடையது. குட்டி வளர வளரப் பாலின் சத்துகளும் மாறிக்கொண்டே இருக்கும். பைக்குள் சிறு குட்டி ஒன்றும், பைக்கு வெளியே துள்ளும் பெரிய குட்டி ஒன்றும் ஒரே காலத்தில் இருப்பதுண்டு. அப்போது தாய்க் கங்காரு ஒரு காம்பில் சிறு குட்டிக்கு ஏற்ற பாலையும், மற்றொரு காம்பில் பெரிய குட்டிக்கு ஏற்ற பாலையும் சுரக்கின்றது.

இன்னுமொரு வியப்பும் உண்டு. பையில் ஒரு குட்டி பால் அருந்திக்கொண்டிருக்கும்போது, அடுத்த கரு தாயின் வயிற்றில் வளராமல் உறங்கிக் கிடக்கும். பையிலுள்ள குட்டி வெளியேறும் காலம் நெருங்கும்போது, அக்கரு மீண்டும் வளரத் தொடங்கும். மழை பொய்த்துப் புல் காயும் ஆஸ்திரேலியப் பாலை நிலத்தில், வறட்சியால் ஒரு குட்டியை இழந்தாலும் தாய் விரைவில் மற்றொன்றை ஈன முடிகின்றது. பைப்பாலூட்டிகளைத் தாழ்ந்த படியில் நின்றுவிட்ட விலங்குகள் என்று முற்காலத்துச் சிலர் கருதினர். அக்கருத்து பொருந்தாது. அவை குறைபாடு உடையவை அல்ல. வேறு வழியில் செல்பவை.

ஏனைய வேறுபாடுகள்

பிறப்பு முறையேயன்றி, உடலமைப்பிலும் சில வேறுபாடுகள் உள. அவற்றுள் மூன்றனை மட்டும் இங்குக் குறிப்பிடுவோம்.

ஒன்று, பல். உங்களுக்கு ஆறு வயதளவில் பாற்பற்கள் விழத் தொடங்கி, புதுப்பற்கள் முளைக்கின்றன அல்லவா? பைப்பாலூட்டிகளுக்கோ தாடையின் ஒவ்வொரு பக்கத்திலும் ஒரே ஒரு பல் மட்டுமே விழுந்து முளைக்கும்.

இரண்டு, எலும்பு. பைப்பாலூட்டிகளுக்கு இடுப்பெலும்பிலிருந்து முன்னோக்கி நீளும் இரண்டு சிறு எலும்புகள் உண்டு. அவை ஆணுக்கும் உண்டு, பெண்ணுக்கும் உண்டு. ஆதலின் பையைத் தாங்குவதற்கு மட்டுமே அவை அமைந்தன என்று கூறல் இயலாது. இன்று வாழும் நச்சுக்கொடிப் பாலூட்டிகளுக்கு அவ்வெலும்புகள் இல்லை.

மூன்று, மூளை. நமது மூளையின் வலப்பாதியையும் இடப்பாதியையும் தடித்த நரம்புப் பட்டை ஒன்று இணைக்கின்றது. பைப்பாலூட்டிகளுக்கு அப்பட்டை இல்லை. வேறு நரம்பு வழிகளால் அவ்விரு பாதிகளும் இணைகின்றன.

ஆனால் பையோ எல்லாப் பைப்பாலூட்டிகளுக்கும் ஒன்றுபோல் அமைந்ததன்று. கங்காருவின் பை மேல்நோக்கித் திறக்கும். மண் தோண்டும் வொம்பாட்டின் பை பின்னோக்கித் திறக்கும். அதனால் தோண்டும் மண் குட்டியின்மேல் விழுவதில்லை. கறையான் தின்னும் நம்பாட் என்னும் விலங்குக்கு முறையான பையே இல்லை. ஆயினும் அதுவும் பைப்பாலூட்டியே.

பெயரால் மயங்கற்க

வீட்டைச் சுற்றி வளை தோண்டும் பெருச்சாளியை நாம் அறிவோம். தெலுங்கு மொழியில் அதற்குப் ‘பந்திகொக்கு’ என்று பெயர். பன்றியெலி என்பது அதன் பொருள். அச்சொல்லே ஆங்கிலேயர் நாவில் ‘பாண்டிகூட்’ எனத் திரிந்தது. பின்னர் ஆஸ்திரேலியாவில் நீண்ட மூக்குடைய ஒரு சிறு விலங்கைக் கண்டபோது, அதற்கும் அப்பெயரையே சூட்டினர். பெயர் ஒன்றாயினும் பிறப்பு வேறு. நம் பெருச்சாளி எலியினம், நச்சுக்கொடிப் பாலூட்டி. ஆஸ்திரேலியப் பாண்டிகூட்டோ பைப்பாலூட்டி. ஏறக்குறைய 12 நாளில் குட்டி ஈன்றுவிடும்.

உருவ ஒற்றுமையாலும் மயங்கலாகாது. நம் காடுகளில் மரம்விட்டு மரம் மிதந்து செல்லும் பறக்கும் அணில் உண்டு. ஆஸ்திரேலியாவில் அதனைப்போலவே மிதக்கும் ‘சுகர் கிளைடர்’ என்னும் சிறு விலங்கு உண்டு. அதனைச் செல்லப் பிராணியாய் வீட்டில் வளர்ப்போரும் உளர். இரண்டையும் அருகருகே வைத்தால் உடன்பிறப்புகள் என்றே தோன்றும். ஆயினும் முன்னது நச்சுக்கொடி இனம். பின்னது பை இனம். ஒரே வகையான வாழ்க்கை, ஒரே வகையான உருவத்தைத் தந்துவிட்டது.

நம் காட்டுக் குபுங்

இதுவரை கற்றதைச் சோதித்துப் பார்க்க நம் நாட்டிலேயே தக்க விலங்கு ஒன்று உண்டு. மலாய் மொழியில் ‘குபுங்’ என்றும், அறிவியல் நூல்களில் ‘கொலுகோ’ என்றும் வழங்கும் அவ்விலங்கு, மலேசியத் தீபகற்பத்தின் காடுகளில் வாழ்கின்றது. பகலில் மரத்தண்டில் ஒட்டிக் கிடக்கும். மரப்பட்டை நிறமாதலின் எளிதிற் கண்ணுக்குப் புலப்படாது. இரவில், கழுத்து முதல் வால்நுனி வரை விரிந்த தோலை விரித்து, ஒரு மரத்திலிருந்து நூறு மீட்டருக்கு மேலும் மிதந்து சென்று மற்றொரு மரத்தில் ஒட்டிக்கொள்ளும்.

குபுங்கின் குட்டி ஏறத்தாழ 60 நாளில் பிறந்துவிடுகின்றது. பிறக்கும்போது அதன் எடை 35 கிராம் அளவே, வளர்ச்சியும் நிறைந்திராது. தாய் தன் வாலை மடித்துத் தோலைப் பைபோல் குழைத்து, குட்டியை அதனுள் வைத்துக் காக்கும். குட்டி ஆறு மாத அளவு தாயின் வயிற்றைப் பற்றிக்கொண்டே வாழும்.

மாணவர்களே! இப்போது சொல்லுங்கள். குபுங் பைப்பாலூட்டியா? பையை மட்டும் நோக்கினால் ‘ஆம்’ என்று கூறத் தோன்றும். ஆனால் விடை ‘அன்று’ என்பதே. அதன் கரு நச்சுக்கொடியால் வளர்வது. அதன் குட்டி ஒட்டிய காம்போடு பைக்குள் உருவாவதும் இல்லை. குபுங்கின் நெருங்கிய உறவினர் கங்காரு அல்ல. குரங்கும் மனிதரும் அடங்கிய இனமே. வெளித்தோற்றம் ஒன்றனை மட்டும் கொண்டு முடிவு கட்டலாகாது என்பதற்கு நம் காடே சான்று கூறுகின்றது.

நம் காட்டில் ஏன் இல்லை?

‘அப்படியாயின் நம் மலையில் பைப்பாலூட்டி ஒன்றேனும் உண்டா?’ என்று நீங்கள் வினவலாம். இல்லை. ஆசியப் பெருநிலத்தில் இன்று ஒரு பைப்பாலூட்டியும் இயற்கையாக வாழவில்லை. அதன் காரணத்தை அறியப் பெருந்துணை புரிந்தவர் ஆல்பிரெட் ரசல் வாலஸ் என்னும் ஆங்கிலேய அறிஞர்.

வாலஸ் 1854ஆம் ஆண்டு சிங்கப்பூர் வந்திறங்கினார். மலாக்காவில் தங்கி, லேடாங் மலையிலும் ஏறினார். 1862 வரை இவ்வட்டாரத் தீவுகளில் அலைந்து உயிரினங்களைத் திரட்டினார். 1856இல் பாலித் தீவிலிருந்து லொம்போக் தீவுக்குக் கடந்தபோது, இடையே உள்ளது குறுகிய நீரிணையேயாயினும், இருபுறத்துப் பறவைகளும் பெரிதும் வேறுபடுவதைக் கண்டார். மேற்கே ஆசிய உயிர்கள். கிழக்கே செல்லச் செல்ல ஆஸ்திரேலிய உயிர்கள். இவ்வெல்லை இன்று ‘வாலஸ் கோடு’ என வழங்குகின்றது.

கடல் நீர் தாழ்ந்திருந்த பனிக்காலங்களில் நம் தீபகற்பமும் சுமத்ரா, ஜாவா, போர்னியோ தீவுகளும் ஒரே நிலமாய் இணைந்திருந்தன. ஆனால் அக்கோட்டை ஒட்டிய ஆழ்கடல் அப்போதும் வற்றவில்லை. ஆகவே புலியும் யானையும் கிழக்கே ஆஸ்திரேலியா செல்லவில்லை. கங்காருவும் மேற்கே இங்கு வரவில்லை. எனினும் சுலாவேசித் தீவில் ‘கஸ்கஸ்’ என்னும் மரமேறும் பைப்பாலூட்டி வாழ்கின்றது. ஆஸ்திரேலியப் பக்கத்திலிருந்து மேற்கே பரவிய பைப்பாலூட்டிகளின் எல்லை அத்தீவே.

ஆஸ்திரேலியாவுக்கும் அவை தொடக்கத்தில் தென்னமெரிக்காவிலிருந்தே வந்தன. அக்காலத்தில் அண்டார்க்டிகா பனி மூடாத நிலமாய், இரு கண்டங்களையும் இணைத்து நின்றது. 1982ஆம் ஆண்டு அண்டார்க்டிகாவை அடுத்த சீமோர் தீவில் பைப்பாலூட்டியின் புதைபடிவம் கிடைத்து, அவை சென்ற வழியை உறுதி செய்தது.

கங்காரு கற்பித்த மருத்துவம்

பெற்றோர்களே! இனி வருவதைச் சற்று ஊன்றிப் படிக்க வேண்டுகிறேன்.

மனிதக் குழந்தை ஏறத்தாழ 40 வாரம் கருப்பையில் வளர வேண்டும். 37 வாரம் நிறையுமுன் பிறப்பதைக் குறைமாதப் பிறப்பு என்பர். கங்காருக் குட்டிக்கு முன்பிறப்பே இயற்கை. அதற்கெனப் பையும் காம்பும் அணியமாய் இருக்கின்றன. மனிதக் குழந்தைக்கு அவ்வேற்பாடு இல்லை. உடலில் கொழுப்புக் குறைவாதலால் சூடு தங்காது. உறிஞ்சிக் குடிக்கும் வலிமை குறைவு. நோய் எளிதில் பற்றும்.

1978ஆம் ஆண்டு, கொலம்பியா நாட்டின் தலைநகரான பொகோட்டாவில், தாய்சேய் மருத்துவமனை ஒன்றில் வெப்பப் பெட்டிகள் போதாமல் குழந்தைகள் நெருக்கடியில் இருந்தன. அங்குப் பணியாற்றிய மருத்துவர் எட்கர் ரே சனாப்ரியா ஒரு வழியைக் கையாண்டார். குழந்தையைத் தாயின் மார்பில், தோலோடு தோல் படுமாறு நிமிர்த்தி அணைத்துக் கட்டி, தாய்ப்பால் ஊட்டச் செய்தார். மருத்துவர் ஹெக்டர் மார்டினஸ் அவருக்குத் துணை நின்றார். இதுவே ‘கங்காரு தாய்ப் பராமரிப்பு’ எனப் பெயர் பெற்றது. பை தரும் சூடு, பால், அணைப்பு, காவல் ஆகிய நான்கினையும் தாயின் மார்பு தருகின்றது.

இது வெறும் கைம்மருந்தன்று. இந்தியா, கானா, மலாவி, நைஜீரியா, தான்சானியா ஆகிய ஐந்து நாடுகளில் 1.8 கிலோகிராமுக்குக் குறைந்த எடையுடன் பிறந்த 3,211 குழந்தைகளிடையே நடந்த ஆய்வு 2021இல் வெளிவந்தது. பிறந்தவுடனேயே இம்முறையைத் தொடங்கிய குழந்தைகளுள் முதல் 28 நாளில் இறந்தவை நூற்றுக்கு 12.0, உடல்நிலை சீரான பின்னர் தொடங்கியவற்றுள் நூற்றுக்கு 15.7. அதன் பின்னர், 2022ஆம் ஆண்டு நவம்பர் மாதம் உலகச் சுகாதார நிறுவனம், குறைமாதமாகவோ எடை குறைந்தோ பிறந்த குழந்தைகளுக்கு இம்முறையைப் பிறந்தது முதலே தொடங்கி, நாளொன்றுக்கு 8 முதல் 24 மணி நேரம் வரை அளிக்குமாறு பரிந்துரைத்தது. தாயால் இயலாத வேளையில் தந்தையும், வீட்டிலுள்ள பிறரும் குழந்தையை மார்பில் அணைக்கலாம்.

இரவில் குளிர் மிகும் தானா ராத்தா போன்ற மலைநாட்டில் வாழும் நமக்கு இச்செய்தி மிகவும் உரியது. அத்தகைய குழந்தை பிறந்தால் மருத்துவரிடமும் தாதியரிடமும் இம்முறையைக் கேட்டறிந்து, அவர்கள் காட்டும் வண்ணம் செய்க. மருத்துவமனைச் சிகிச்சையோடு சேர்ந்து செய்ய வேண்டியதேயன்றி, அதற்கு மாற்றாக வீட்டிலேயே செய்வதன்று என்பதையும் மனத்திற் கொள்க.

‘ஏழாம் மாதப் பிள்ளை பிழைக்கும், எட்டாம் மாதப் பிள்ளை பிழையாது’ என்று கூறுவோர் இன்றும் உளர். அதில் உண்மையில்லை. கருப்பையில் தங்கும் ஒவ்வொரு வாரமும் குழந்தைக்கு வலிமை கூட்டுவதே. ஆகவே எட்டாம் மாதத்துப் பிள்ளைக்குப் பிழைக்கும் வாய்ப்பு மிகுதியேயன்றிக் குறைவன்று. குறைமாதப் பிறப்பைத் தாயின் குற்றமாகப் பேசுவதும் தகாது. அவ்வேளையில் அவளுக்கு வேண்டுவது பழிச்சொல் அன்று. ஓய்வும், நல்லுணவும், குடும்பத்தாரின் துணையுமே.

முடிவுரை

பைப்பாலூட்டி வேறு, நச்சுக்கொடிப் பாலூட்டி வேறு. ஒன்று பாலினாலும் மற்றொன்று கொடியினாலும் தன் பிள்ளையை உருவாக்குகின்றது. வழி இரண்டாயினும், உலகில் தனித்து நிற்க இயலாத சிற்றுயிரை நிற்க வல்லதாகும் வரை தாங்குதல் என்னும் கடமை ஒன்றே. அக்கடமை வீட்டில் பெற்றோருக்கும், பள்ளியில் ஆசிரியருக்கும் உரியது. பையை விட்டு வெளியே துள்ளும் நாள் உங்களுக்கும் வரும், மாணவர்களே! அதுவரை நன்றாக வளருங்கள்.

சிந்தித்து விடை காண்க

1. பிறந்த கங்காருக் குட்டிக்கு முன்னங்கால்கள் மட்டும் வலுவாக இருப்பதன் பயன் யாது?
2. குபுங்கைப் பைப்பாலூட்டி என்று ஏன் கூறலாகாது?
3. பெருச்சாளிக்கும் ஆஸ்திரேலியப் பாண்டிகூட்டுக்கும் உள்ள பெயர்த் தொடர்பை விளக்குக.
4. புலி ஆஸ்திரேலியாவிலும், கங்காரு மலேசியாவிலும் இயற்கையாக வாழாமைக்குக் காரணம் யாது?
5. கங்காருவின் பை குட்டிக்குத் தரும் நான்கு நன்மைகளை எழுதி, அவற்றை உங்கள் பெற்றோருக்கும் கூறுக.